கோதாவில் இறங்கியவர்கள்

2012 ஜூலையில் தாராசிங் மும்பையில் காலமானபோது, இந்தியப் பத்திரிகைகளின் அஞ்சலிக் குறிப்புகள் பலவற்றில் ஒரு தகவல் மாறாமல் வந்தது. அவர் மோதிய பெரும் பயில்வான்களின் பட்டியலில் 'அவுஸ்திரேலியாவின் கிங்கொங்' என்றொரு பெயர். அப்போது நான் மெல்பேர்னுக்கு வந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. வேலைத்தலத்தில் வயது போன வெள்ளைக்காரர்கள் இரண்டு பேரிடம் விசாரித்துப் பார்த்தேன். கிங்கொங் என்றால் அவர்களுக்குத் தெரிந்தது படத்தில் வரும் குரங்குதான்.

அவர்களைக் குறை சொல்ல முடியாது. கிங்கொங் அவுஸ்திரேலியர் அல்ல. இயற்பெயர் எமில் சாயா, ஹங்கேரியர். முப்பதுகளில் பிழைப்புத் தேடி ஆசியாவுக்கு வந்து இந்தியா, மலாயா, இலங்கை என்று சுற்றி, கடைசியில் சிங்கப்பூரையே வீடாக்கிக்கொண்டவர். 1970இல் ஒரு கார் விபத்துக்குப் பிறகு அங்கேயே இறந்தார். ஏறத்தாழ இருநூறு கிலோ உடம்பு, அடர்ந்த தாடி, பார்வையாளரைப் பார்த்து உறுமுகிற வழக்கம். இவரை எந்த நாட்டுக்காரர் என்று சொன்னால் டிக்கெட் விற்கும் என்பதுதான் கேள்வியே தவிர, உண்மையில் எந்த நாட்டுக்காரர் என்பது யாருக்கும் பொருட்டாக இருந்திருக்காது. வெள்ளைக்காரன், முரடன், தொலைதூரத்திலிருந்து வந்தவன், அது போதும். பிராட்மனுக்கு அடுத்தபடியாக எங்கள் ஊர்களில் அறியப்பட்ட 'அவுஸ்திரேலியர்' இப்படி ஒரு ஹங்கேரியராக இருந்தார்.

எதிரே நின்ற தாராசிங்கும் பிழைப்புத் தேடிப் போனவர்தான். அமிர்தசரஸ் மாவட்டத்துக் கிராமமொன்றில் 1928இல் பிறந்து, நாற்பதுகளின் கடைசியில் சிங்கப்பூருக்குப் போய், ஒரு தொழிற்சாலையில் வேலை பார்த்துக்கொண்டே 'கிரேட் வேர்ல்ட்' கேளிக்கைப் பூங்காவின் அரங்கில் குஸ்தி பழகினார். அந்தப் பூங்காக்களில் ஒரு கொட்டகையில் சீன ஒப்பெரா நடக்கும், பக்கத்தில் சினிமா, அதற்கடுத்து மல்யுத்தம். தாராசிங் அங்கிருந்து இந்தியா திரும்பி 1954இல் ருஸ்தம்-இ-ஹிந்த் ஆனார். 1959இல் கல்கத்தாவில் கனடாவின் ஜோர்ஜ் கோர்டியென்கோவை வென்று பொதுநலவாயப் பட்டம் பெற்றார். 1968இல் பம்பாயில் அமெரிக்கரான லூ தெஸ்ஸை வீழ்த்தினார். தமிழில் இந்த இரண்டு பெயர்களும் சீக்கிரமே பெயர்ச்சொல்லாகிவிட்டன. பருத்தவன் கிங்கொங், சண்டியன் தாராசிங். 'நீ என்ன பெரிய தாராசிங்கா?' என்று கேட்கப்படாத பையன் எங்கள் பக்கத்தில் யாரும் இருக்க வாய்ப்பில்லை.

நான் சொல்ல வந்தது அவர்கள் இருவரின் கதையை அல்ல. அவுஸ்திரேலியாவில் தொழில்முறை மல்யுத்தம் தலைகீழாக மாறிய ஒரு வருடத்தைப் பற்றி. அந்த வருடம் 1964. ஆனால் தாராசிங்கைத் தெரியாமல் அந்த மாற்றம் எனக்குப் புரிந்திருக்காது. ஏனென்றால் சிங்கப்பூர் பூங்காக்களில் ஓடிய அதே சூத்திரம்தான் சிட்னியிலும் மெல்பேர்னிலும் ஓடியது. அந்நியன் ஒருவன், நம்ம ஆள் ஒருவன். வேறுபாடு என்னவென்றால், இங்கே அந்த வருடம் 'நம்ம ஆள்' என்ற இடத்தில் வந்தேறிகளைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள்.

சிட்னியின் ரஷ்கட்டர்ஸ் பே பகுதியில் சிட்னி ஸ்டேடியம் என்றொரு அரங்கம் இருந்தது. 1908இல் ஒரேயொரு குத்துச்சண்டைக்காக அவசரமாகக் கட்டியது. அந்த வருடம் டிசெம்பர் 26ஆம் திகதி அங்கேதான் ஜாக் ஜோன்சன் என்ற கறுப்பினத்தவர் டொமி பேர்ன்ஸை அடித்து வீழ்த்தி, உலக ஹெவிவெயிற் பட்டத்தை வென்ற முதல் கறுப்பராக ஆனார். பதினான்காம் சுற்றில் பொலிஸார் உள்ளே நுழைந்து சண்டையை நிறுத்தினார்கள். வெள்ளை அவுஸ்திரேலியக் கொள்கை சட்டமாகி ஏழு வருடங்களே ஆகியிருந்த நேரம். வெள்ளையர் அடி வாங்குவதைப் பார்க்க ஆயிரக்கணக்கானோர் காசு கொடுத்து வந்திருந்தார்கள் என்று சொன்னால் அது பிழை; கறுப்பர் அடி வாங்குவதைப் பார்க்கவே வந்திருந்தார்கள்.

ஐம்பத்தாறு வருடம் கழித்து, 1964 ஒக்டோபரில், அதே அரங்கில் ஜிம் பார்னெட் என்ற அமெரிக்கர் தன் கடையை விரித்தார். கூட்டாளி ஜொனி டொய்ல். பார்னெட் பயில்வான் அல்ல. கோதாவில் கால் வைக்காத வியாபாரி. அமெரிக்காவில் தொலைக்காட்சி ஸ்டூடியோவுக்குள் மல்யுத்தத்தைக் கொண்டுபோய்ப் பழகியவர். அந்தப் பாடத்தை இங்கே சேனல் நைனுடன் சேர்ந்து நடத்தினார். நிறுவனத்துக்கு வைத்த பெயர் 'வேர்ல்ட் சாம்பியன்ஷிப் ரெஸ்லிங்'.

அதற்கு முன்பும் இந்த நாட்டில் மல்யுத்தம் இருந்தது. சுவரொட்டி, பத்திரிகை விளம்பரம், வாய்ப்பேச்சு என்று எங்கள் ஊர்களில் நடந்த மாதிரியேதான் நடந்தது. பார்னெட் செய்தது எளிய காரியம். வார இறுதியில் பகல் வேளையில் ஸ்டூடியோவுக்குள் இலவசமாகச் சண்டை காட்டினார். ஆனால் முக்கியமான சண்டையை அங்கே முடிய விடமாட்டார். கெட்டவன் ஒலிவாங்கியைப் பிடுங்கி வீட்டிலிருப்பவர்களைத் திட்டுவான். நல்லவனை முதுகுக்குப் பின்னால் நாற்காலியால் அடிப்பான். மணி அடித்துவிடும். கணக்கைத் தீர்ப்பதைப் பார்க்க வேண்டுமென்றால் சிட்னி ஸ்டேடியத்துக்கோ மெல்பேர்னின் ஃபெஸ்டிவல் ஹோலுக்கோ டிக்கெட் வாங்கிப் போக வேண்டும். எங்கள் கூத்துக் கலைஞர்களுக்கு இந்த உத்தி புதிதாகத் தெரிந்திருக்காது. கட்டியக்காரன் வந்து கதையின் பாதியைச் சொல்லி ஆளைக் கூட்டுகிற வேலைதான்.

பார்னெட் யாரை இறக்கினார் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. தொடக்க காலத்தில் பட்டம் கைமாறியது இருவருக்கிடையில். ஒருவர் கில்லர் கோவால்ஸ்கி. போலந்துப் பெற்றோருக்குக் கனடாவில் பிறந்தவர். 1952இல் மொன்றியலில் எதிராளி ஒருவரின் காது இவர் குதித்த வேகத்தில் பிய்ந்துபோனது. அதிலிருந்து அந்தப் பெயருக்கு நியாயம் கிடைத்தது. (இவர் சைவ உணவுக்காரர். ஆறடி ஏழங்குலக் கொலைகாரன் கீரையும் பருப்புமாகச் சாப்பிட்டுக்கொண்டிருந்த சங்கதியை என் மாமியாரிடம் சொன்னபோதுதான் மல்யுத்தத்தின் மீது அவருக்கு முதல் தடவையாக மரியாதை வந்தது.) மற்றவர் டொமினிக் டெனூச்சி, இத்தாலியில் பிறந்தவர். அடுத்த வருடங்களில் எகிப்தில் பிறந்த கிரேக்கரான ஸ்பைரோஸ் ஏரியன் வந்தார். 1967இல் மாரியோ மிலானோ வந்தார். திரியெஸ்தே நகரில் பிறந்து வெனிசுவேலாவில் வளர்ந்தவர். மெல்பேர்னிலேயே தங்கி 2016இல் இங்கேயே இறந்தார்.

இவர்கள் நல்லவர்கள். கைதட்டல் வாங்குகிறவர்கள். இது தற்செயல் அல்ல. யுத்தத்துக்குப் பிறகு கப்பல் கப்பலாக வந்திறங்கிய இத்தாலியரும் கிரேக்கரும் மோல்டாக்காரரும் யூகோஸ்லாவியரும் கார்த் தொழிற்சாலைகளிலும் இறைச்சிக் கிடங்குகளிலும் இரவு பகலாக நின்றுகொண்டிருந்தார்கள். கையில் காசு இருந்தது. ஆங்கிலம் வரவில்லை. 1964இன் தொலைக்காட்சியில் அவர்கள் மாதிரிப் பேசுகிற ஒருவர் வந்தால் அது நகைச்சுவைக்காகத்தான் இருக்கும். மல்யுத்தத்தைப் பார்க்க ஆங்கிலம் தேவையில்லை. கிரிக்கெட் மாதிரி விதிகளை யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை. அங்கே உச்சரிப்புப் பிசகான ஒருவன் வந்து, கடைசியில் கை உயர்த்தப்பட்டு நின்றான்.

ட்ருகனினாவின் கிடங்கொன்றில் என்னோடு ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிய ஒரு கிரேக்கர் இருந்தார். ஓய்வு பெற்றுவிட்டார். சிறுவனாக இருந்தபோது அவருடைய தந்தை மாதத்துக்கொரு தடவை ஃபெஸ்டிவல் ஹோலுக்குக் கூட்டிப்போவாராம். வாரம் முழுக்க ஃபோர்மனுக்குத் தலையாட்டிக்கொண்டு வீட்டில் வாயே திறக்காத மனிதர், ஏரியன் உள்ளே வந்ததும் நாற்காலி மீது ஏறி நின்று கிரேக்கத்தில் கத்துவாராம். "அப்பாவுக்கு இவ்வளவு பெரிய குரல் இருக்கிறது என்று எனக்கு அங்கேதான் தெரியும்" என்றார். நான் வேறெந்தப் புத்தகத்திலும் இதைவிடத் தெளிவாக அந்த வருடங்களைப் பற்றி வாசிக்கவில்லை.

அந்த ஃபெஸ்டிவல் ஹோல் மேற்கு மெல்பேர்னின் டட்லி வீதியில் இன்றும் இருக்கிறது. 1955இல் எரிந்துபோய், அடுத்த வருட ஒலிம்பிக்கின் குத்துச்சண்டைக்கும் ஜிம்னாஸ்டிக்ஸுக்கும் பயன்பட்டது மீண்டும் கட்டப்பட்ட அரங்கம். 1964 ஜூனில் பீட்டில்ஸ் பாடியதும் அங்கேதான். அந்த வருடத்தைப் பற்றி எழுதுகிற அவுஸ்திரேலியர்கள் பீட்டில்ஸோடு நின்றுவிடுவார்கள். சில மாதம் கழித்து அதே மேடையில் தொடங்கிப் பதினான்கு வருடம் நீடித்ததைப் பற்றிப் பேச்சே இருக்காது. அதைப் பார்த்தவர்கள் ஆங்கிலத்தில் நினைவுக் குறிப்பு எழுதுகிற வகுப்பினர் அல்ல. அதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

இந்தப் படத்தில் நாங்கள் எங்கே? எங்கேயும் இல்லை. பார்னெட்டின் மேடையில் ஆசிய முகத்துக்கு ஒதுக்கப்பட்ட பாத்திரம் வில்லன். பேராசிரியர் டோரு தனாக்கா என்ற 'ஜப்பானியர்' உப்பை அள்ளி எதிராளியின் கண்ணில் எறிவார். யுத்தத்தில் ஜப்பானியரிடம் கைதியாக இருந்து திரும்பியவர்கள் பார்வையாளர் வரிசையில் உட்கார்ந்திருந்த காலம் அது. தனாக்கா ஜப்பானியர் அல்ல. ஹொனலூலுவில் பிறந்த சார்ள்ஸ் கலானி. அமெரிக்க இராணுவத்தில் பணியாற்றியவர். ஹங்கேரியரை அவுஸ்திரேலியர் ஆக்கிய அதே கைவேலை.

பார்வையாளராகக்கூட எங்களுக்கு அன்று அனுமதி இருக்கவில்லை. இலங்கையிலிருந்து அப்போது மெல்பேர்னுக்கு வந்துகொண்டிருந்தவர்கள் பெரும்பாலும் பறங்கியர்கள். தனிச் சிங்களச் சட்டத்துக்குப் பிறகு கிளம்பியவர்கள். ஐரோப்பிய வம்சாவளியைக் காட்ட முடிந்தவர்களுக்குக் கதவு திறந்தது. வெள்ளை அவுஸ்திரேலியக் கொள்கை 1966இல் தளர்ந்து, 1973இல்தான் முழுதாக ஒழிந்தது.

1964 ஒக்டோபர் என்றதும் என் வீட்டில் யாருக்கும் ஜிம் பார்னெட் நினைவுக்கு வரமாட்டார். அந்த மாதம் 30ஆம் திகதி டில்லியில் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். இலங்கையில் நாடற்றவர்களாக இருந்த மலையகத் தமிழர் 9,75,000 பேர் என்று கணக்கிட்டு, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பார்க்கலாம் என்று முடிவெடுத்தார்கள். அந்தப் பிறகு 1974இல் வந்தது, ஆளுக்குப் பாதி. 1948 குடியுரிமைச் சட்டம் எங்களை நாடற்றவர்களாக்கியது. 1964 எங்களைத் தொகையாக்கியது. மேசையில் எங்கள் தரப்பில் யாரும் உட்காரவில்லை.

என் அப்பாவுக்கு அப்போது பதினொரு வயது. ஹற்றன் பக்கத்துத் தோட்டமொன்றில் லயத்துப் பிள்ளை. தாராசிங்கை அவர் பார்த்ததில்லை. கடையில் சீனி சுற்றிக் கொடுத்த பத்திரிகைத் தாளில் ஒரு படம் வந்திருக்கிறது; அதைச் சோற்றுப் பசை போட்டுச் சுவரில் ஒட்டி வைத்திருந்தார். அவ்வளவுதான் உறவு. ஒப்பந்தத்தின் பேச்சு தோட்டமெங்கும் பரவியிருந்த நாட்களில் நகரத்துப் பாடசாலையில் பையன்களுக்குள் வாக்குவாதம். கிங்கொங் பெரியவனா, தாராசிங் பெரியவனா? அப்பா எழும்பி, "தாராசிங்தான். அவரு நம்ம ஆளு" என்றிருக்கிறார். ஆசிரியர் கேட்டுக்கொண்டிருந்தார். "உங்கட ஆள் எண்டால் நீயும் அவற்ற நாட்டுக்கே போகலாமே. இப்பதான் வழி திறந்திருக்கே" என்றாராம். வகுப்பு சிரித்தது. அப்பாவும் சிரித்திருக்கிறார், பகடி என்று நினைத்தார். வீட்டுக்கு வந்து சொன்னபோது தாத்தா எழும்பிப் போய்ச் சுவரிலிருந்து படத்தைக் கிழித்தார்.

அப்பாவின் பெரியப்பா குடும்பம் எழுபதுகளில் தலைமன்னாரில் கப்பலேறி இராமேஸ்வரம் போய், அங்கிருந்து கூடலூருக்குப் போனது. திரும்பி வந்தவர்களுக்காகத் தமிழ்நாடு அரசு நீலகிரியில் தேயிலைத் தோட்டங்கள் போட்டிருந்தது. விட்டுப்போன அதே வேலை, அதே செடி. அங்கே அவர்களுக்குப் பெயர் 'சிலோன்காரர்'.

இரண்டு ஒக்டோபர்களையும் பக்கத்தில் வைப்பது நியாயமா என்று நானே யோசித்தேன். ஒன்று காசுக்காக ஆடிய ஆட்டம். யார் வெல்வார் என்று முன்கூட்டியே பேசி வைத்தது. தொழிலின் அந்த இரகசியத்தை அமெரிக்காவில் 1989இல் பெரிய நிறுவனம் வரி, ஒழுங்குமுறை தொல்லையிலிருந்து தப்புவதற்காக நியூ ஜேர்சி சட்டமன்றத்தில் தானே ஒப்புக்கொண்டது. மற்றது இரண்டு அரசுகளின் ஒப்பந்தம். அதிலும் முடிவை முன்கூட்டியே பேசி வைத்தார்கள்தான். ஆனால் அடி உண்மையான அடி. இரண்டிலும் ஒரே கேள்வி கேட்கப்பட்டது என்பதால் நான் சேர்த்து வைக்கிறேன். வந்தவனை நம்ம ஆள் என்று சொல்லலாமா? பார்னெட்டுக்கு அறம் ஒன்றும் கிடையாது. இத்தாலியன் டிக்கெட் வாங்குவான் என்பதற்காகச் 'சொல்லலாம்' என்றார். அந்தப் பதில் கிரேக்கர் ஒருவரை நாற்காலி மீது ஏற்றியது. பேராசையிலிருந்து வந்த நன்மை என்றாலும் நன்மைதான். நான் அதைச் சில்லறையாக எண்ண மாட்டேன்.

பிறகு நடந்தது வேகமாக. பார்னெட் எழுபதுகளின் நடுவில் விற்றுவிட்டு அமெரிக்கா போனார். சிட்னி ஸ்டேடியத்தை 1970இல் ரயில் பாதைக்காக இடித்தார்கள். 1978இல் சேனல் நைன் மல்யுத்தத்தை நிறுத்தியது. கெர்ரி பாக்கருக்கு அப்போது தன் சொந்தக் கிரிக்கெட்டே போதுமான காட்சியாக இருந்தது. 1983க்குப் பிறகு தமிழர்கள் பெருந்தொகையில் இங்கே வந்திறங்கியபோது கோதாவைப் பிரித்து எடுத்துப்போய்விட்டிருந்தார்கள். கிரேக்கருக்கு ஏரியனும் இத்தாலியருக்கு மிலானோவும் செய்ததை எங்களுக்குச் செய்ய யாரும் இருக்கவில்லை. கோயில்களையும் தமிழ்ப் பள்ளிகளையும் கட்டினோம். சனிக்கிழமை இரவு கத்துவதற்கு இடம் இருக்கவில்லை.

என் தலைமுறைக்கு மல்யுத்தம் வந்தது சீட்டுக்கட்டாக. உயரம், எடை, மார்பளவு, எத்தனை சண்டை, எத்தனை வெற்றி என்று அச்சிட்ட டபிள்யூ.டபிள்யூ.எஃப். சீட்டுகள். அண்டர்டேக்கருக்கு ஏழு உயிர் என்று ஹற்றனிலும் நம்பினோம், மதுரையிலும் நம்பினார்களாம். 1998 ஜூனில் அவர் மேன்கைண்டை இரும்புக் கூண்டின் உச்சியிலிருந்து தூக்கி எறிந்ததை ஒரு நண்பன் வீட்டில் பதிவு நாடாவில் பார்த்துவிட்டு இரண்டு நாள் தூக்கம் வரவில்லை. விழுந்தவர் மிக் ஃபோலி. கல்லூரி மாணவராக வார இறுதிகளில் பல மணி நேரம் கார் ஓட்டிப் போய், காரிலேயே படுத்து அவர் தொழில் பழகியது பென்சில்வேனியாவில் ஒரு வயதான இத்தாலியரிடம். அந்த இத்தாலியர் டொமினிக் டெனூச்சி. 2018 ஒக்டோபரில் மெல்பேர்ன் கிரிக்கெட் மைதானத்தில் 70,309 பேருக்கு முன்னால் அண்டர்டேக்கரோடு மோதிய டிரிப்பிள் எச்சுக்கு ஆசிரியர் கில்லர் கோவால்ஸ்கி. 1964இல் சிட்னியில் ஒருவரையொருவர் அடித்துக்கொண்ட இருவரின் மாணவர்கள் எங்கள் சீட்டுக்கட்டுக்குள் இருந்தார்கள்.

2017 மே மாதம் ஜிந்தர் மஹால் டபிள்யூ.டபிள்யூ.ஈ. பட்டத்தை வென்றார். கனடாவில் பிறந்த பஞ்சாபி. தலைப்பாகை கட்டிய துணையாட்களோடு வந்து, நான் உங்களைப் போல் இல்லாததால்தான் என்னை வெறுக்கிறீர்கள் என்று அமெரிக்கக் கூட்டத்தைப் பார்த்துச் சொல்வார். கூட்டம் கூச்சல் போடும். பாத்திரம் வில்லன்தான். ஐம்பத்து மூன்று வருடத்துக்கு முன் பார்னெட் துணிந்த அளவுக்கு இவர்கள் துணியவில்லை. ஆனால் ட்ருகனினாவிலும் டார்னீற்றிலும் பஞ்சாபிப் பையன்களுக்கு அவர் வில்லன் என்பது தெரியவேயில்லை. எங்கள் வீதியில் ஒரு வாரம் வீட்டுக்கு வீடு மஹால்தான்.

பக்கத்து வீட்டுப் பையன் வேலிக்கு மேலால் என் மகனிடம், 'உங்கள் ஆளும்தானே?' என்று ஆங்கிலத்தில் கேட்டிருக்கிறான். மகனுக்கு ஒன்பது வயது. என்ன சொல்வதென்று தெரியாமல் உள்ளே வந்து என்னைக் கேட்டான். நான் தாத்தாவைக் கேட்கச் சொன்னேன். அப்பா சோபாவில் வீரகேசரி வாசித்துக்கொண்டிருந்தார்.

"தாத்தா, ஜிந்தர் மஹால் நம்ம ஆளா?"

அப்பா கண்ணாடியைக் கழற்றினார்.

"ஜெயிச்சுட்டானா?" என்று கேட்டார்.